பன்னிரண்டு நாள்

எழுபத்தெட்டு. கையிலிருந்த சீட்டு அப்படிச் சொன்னது. சுவரில் எரிந்த சிவப்பு எண்ணோ நாற்பத்தொன்பது. நடுவில் இருபத்தெட்டு பேர். இருபத்தெட்டு முட்டாள்கள் என்று புரொபசர் ஜெனோன் பரானெக் மனசுக்குள் திருத்திக்கொண்டார். திருத்துவது அவருக்குப் பிறவிக் குணம், ஓட்டல் மெனு அட்டையைக்கூட விட்டுவைக்க மாட்டார். கிராக்கூவ் நகரத்தின் இந்தத் தபால் நிலையத்தில் ஜன்னல் மூன்று, திறந்திருப்பது ஒன்று. மீதி இரண்டிலும் மெழுகுவர்த்தி, புனிதர்களின் சரித்திரம், ஊறுகாய் போடுவது எப்படி என்று ஒரு புத்தகம், எல்லாம் அடுக்கி வைத்திருந்தார்கள். தபால் தலை கேட்டால் முறைப்பார்கள், மெழுகுவர்த்தி கேட்டால் சிரிப்பார்கள், நாடு உருப்பட்ட மாதிரிதான். பரானெக்கின் மடியில் கனமான ஒரு பழுப்புக் கவர். உள்ளே அறுநூற்றுப் பன்னிரண்டு பக்கம்: ‘மிரோஷ்: வாழ்வும் இசையும்’, ஆறாம் பதிப்பு, கடைசி மெய்ப்பு, மேலே ‘அச்சிடலாம்’ என்று அவர் கையெழுத்துப் போட்ட தாள். மின்னஞ்சலில் அனுப்பினால் போதும் என்று வார்சாவிலிருந்து பதிப்பகத்துப் பெண் கெஞ்சினாள். மின்னஞ்சல்! மளிகைக் கடைக்காரனும் அனுப்புகிறான் மின்னஞ்சல். கவர் இன்று கிளம்பினால் நாளை அங்கே, திங்கட்கிழமை அச்சில். வயசு எண்பத்தொன்று, ஏழாம் பதிப்பு என்று ஒன்றை அவர் கண்ணால் பார்க்கப் போவதில்லை, ஆகவே இந்தக் கவரில் இருப்பதுதான் கடைசி வார்த்தை. அந்தக் கடைசி வார்த்தை பொய். அதுவும் அவருக்குச் செவ்வாய்க்கிழமையிலிருந்து தெரியும். பொய் என்று காட்டிக்கொடுத்த கடிதம் கோட்டின் உள்பையில், நெஞ்சுக்கு நேராக, மொரமொரவென்று குத்திக்கொண்டிருந்தது. வீட்டிலேயே வைத்துவிட்டு வந்திருக்கலாம். ஏன் எடுத்துவந்தோம் என்று அவருக்கே விளங்கவில்லை. ஐம்பது.

விஷயம் சின்னது, வயிற்றெரிச்சலே அதுதான். 1874. அடல்பெர்ட் மிரோஷ் என்கிற மகா மேதை, ஊரில் சிலை இருக்கிறது, பள்ளிக்கூடம் இருக்கிறது, படம் போட்ட சாக்லேட் டப்பாகூட இருக்கிறது, இதே கிராக்கூவில் உட்கார்ந்து பியானோவுக்கு ஒரு அந்திப்பாட்டு எழுதினார். கையெழுத்துப் பிரதியில் தேதி மே 16. அதே பாட்டு, ஒரு ஸ்வரம் பிசகாமல், அவருடைய மாணவி எமிலியா ஸாடோராவின் கையெழுத்திலும் இருக்கிறது. அவள் அப்போது வில்னோவில் ஒரு பணக்காரர் வீட்டுப் பெண்களுக்குப் பியானோ சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தாள். அவள் பிரதியில் தேதி மே 10. பாமரன் என்ன சொல்வான்? பத்து முன்னால், பதினாறு பின்னால், சிஷ்யை எழுதியதை வாத்தியார் சுருட்டிக்கொண்டார் என்பான். ஆனால் வில்னோ அன்றைக்கு ரஷ்ய ஜாரின் ஆட்சியில் இருந்த ஊர். ஜாருக்குப் பழைய பஞ்சாங்கம். நம் வாக்கியப் பஞ்சாங்கத்துக்கும் திருக்கணிதத்துக்கும் இருக்கிற நாழிகைத் தகராறு இல்லை அது, முழுசாகப் பன்னிரண்டு நாள் பின்தங்கி நடந்தது. ஆகவே அவள் பத்து என்று எழுதினால் நமக்கு அது இருபத்திரண்டு. பதினாறு முன்னால், இருபத்திரண்டு பின்னால். வாத்தியார் எழுதினார், சிஷ்யை காப்பியடித்தாள். பன்னிரண்டைக் கூட்டு, முடிந்தது. முதல் வருஷப் பையனுக்கும் தெரிந்த கூட்டல். 1979இல் பதினொரு நாள் அனுமதிச் சீட்டு வாங்கி, ரயிலேறி, வில்னோ ஆவணக் காப்பகத்தில் முறைத்துக்கொண்டே நின்ற ஒரு அதிகாரியின் கண்ணெதிரில் நாற்பதே நிமிஷம் அந்தத் தாளைப் பார்த்து, அந்தக் கூட்டலை அங்கேயே பென்சிலால் போட்டு, அப்பாடா என்று மூச்சுவிட்டவர் பரானெக். அந்த ‘அப்பாடா’ இப்போது காதில் கேட்கிறது. என்ன அப்பாடா? எதற்கு அப்பாடா? விடை தெரியாமல் கணக்குப் போட்டவனுக்கு எப்படி வரும் அப்பாடா? நான்கு வருஷத்தில் புத்தகம் வந்தது. ஒன்பதாம் அத்தியாயத்துக்கு ‘திருடிய மாணவி’ என்று தலைப்பு. விமர்சகர்கள் அந்த அத்தியாயத்தைத்தான் நாவல்போல் படித்ததாக எழுதினார்கள், முட்டாள்கள், அவர்களுக்கு வரலாறு நாவல்போல் இருந்தால்தான் இறங்கும். எமிலியா தன் காலத்திலேயே பத்திரிகைக்கு ஒரு கடிதம் எழுதி, பாட்டு என்னுடையது என்று சொல்லிப் பார்த்தாள். யாரும் காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஆனால் திருடி என்றும் யாரும் சொல்லவில்லை. நூறு வருஷம் கழித்து அதைச் சொன்னவர் பரானெக் ஒருவர்தான். இப்போது எந்த இசை அகராதியைத் திறந்தாலும் அவள் பேருக்கு எதிரே ஒன்றரை வரி, அதில் ஒரு வரி திருட்டு. ஐம்பத்து மூன்று.

அந்தக் கூட்டலைப் போடாமல் எழுதியவள் ஒருத்தி இருந்தாள். ரதோம் ஊரில் பூகோளம் நடத்தும் டீச்சர், தெக்லா கோபிட். 1987இல் தன் செலவில் பன்னிரண்டு பக்கத்துக்கு ஒரு துண்டுப் பிரசுரம் போட்டு, மிரோஷின் அந்திப்பாட்டு எமிலியாவுடையதாக இருக்கலாம் என்று சொன்னாள். இருக்கலாமாம். பூகோள டீச்சர்! ஆற்றுக்கும் மலைக்கும் கலர் அடிக்கிறவள். பரானெக் ஆய்விதழில் ஒன்றரைப் பக்கம் மதிப்புரை எழுதினார். அதன் கடைசி வாக்கியம் துறையில் பழமொழியாகிவிட்டது: ‘பன்னிரண்டு வரை எண்ணத் தெரியாதவர்கள் வரலாற்றின் பக்கம் வரவேண்டாம், டஜன் எண்ணிப் பழக அவர்களுக்கு முட்டைக் கடை இருக்கிறது.’ கருத்தரங்கில் சாப்பாட்டு மேஜையில் யாராவது அதைச் சொல்வார்கள், எல்லாரும் சிரிப்பார்கள், பரானெக் அடக்கமாகத் தட்டைப் பார்ப்பார். ஓர் ஆண்டு ரதோமில் ஒரு கூட்டம். கடைசி வரிசையில் பச்சைக் கம்பளிச் சட்டையில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். தலைவர் அவளைக் காட்டி, நம்ம முட்டைக்காரம்மாவும் வந்திருக்காங்க என்றார். சபை சிரித்தது. அவளும் சிரித்தாள். அதுதான், அவளும் சிரித்தாள். அப்போது பரானெக் நினைத்தார், சூடு சொரணை இல்லாத ஜென்மம் என்று. இப்போது அந்தச் சிரிப்பு தொண்டையில் மீன்முள்ளாக நிற்கிறது, முழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. அவருக்கு முன்னால் ஒரு கிழவர் ஜன்னலில் நின்று, தன் ஓய்வூதியக் காகிதத்தில் தெருப் பெயர் தப்பாக இருப்பதாகச் சண்டை பிடித்தார். “திருத்துங்க! நான் அந்தத் தெருவுலயே இல்ல!” “மேலிடத்துல எழுதிக் குடுங்கய்யா, இங்க திருத்த முடியாது.” “தப்புன்னு நீங்களே சொல்றீங்களே!” “தப்புதான். ஆனா திருத்த முடியாது.” நல்ல பதில், பரானெக் தன்னையறியாமல் தலையை ஆட்டினார், உடனே ஆட்டியதற்காகத் தன்மேல் எரிந்து விழுந்தார்.

இரேனா சொன்னாள். மனைவி. பேராசிரியர் வீட்டம்மா என்று ஊர் நினைத்தது, உண்மையில் அவள் அவரைவிடப் பத்து மடங்கு சங்கீதம் தெரிந்தவள். அதை அவள் செத்து ஒன்பது வருஷம் கழித்து ஒரு தபால் நிலையத்து பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து ஒத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. அந்திப்பாட்டை வாசித்துக்கொண்டே சொன்னாள்: “ஏங்க, மிரோஷுக்கு முறம் மாதிரி கைன்னு நீங்கதானே எழுதியிருக்கீங்க? பியானோல பத்து கட்டை தாண்டிப் பிடிப்பார்னு. இதுல ஒரு இடத்துலகூட எட்டு கட்டையைத் தாண்டல பாருங்க. என் கைக்கு அளவெடுத்துத் தெச்ச மாதிரி இருக்கு.” அவளுக்குச் சின்னக் கை. பரானெக் மேஜையிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னார், “கையை அளந்து சரித்திரம் எழுதறது தையற்காரன் வேலை.” அவள் வாசிப்பதை நிறுத்தவில்லை. முழுசாக வாசித்து முடித்து, மூடியைச் சத்தமில்லாமல் இறக்கிவிட்டு, சமையலறைக்குப் போய் உருளைக்கிழங்கு உரித்தாள். அப்புறம் ஒரே ஒரு தடவை, எத்தனையோ வருஷம் கழித்து, ஐந்தாம் பதிப்பு வந்த அன்றைக்கு, “அந்தப் பொண்ணை இன்னுமா விடல நீங்க?” என்றாள். விடுவதாவது. ஒன்பதாம் அத்தியாயம் இல்லாவிட்டால் புத்தகத்தை யார் வாங்குவான்? மிரோஷ் என்ன செய்தார் வாழ்க்கையில்? சாப்பிட்டார், மூலத்தால் அவதிப்பட்டார், மூன்று மடாதிபதிகளுக்குக் கூழைக் கும்பிடு போட்டார், மாணவிகளின் கன்னத்தைத் தட்டினார். சலவைக்காரிக்கு எழுதிய சீட்டு வரைக்கும் பரானெக் படித்திருக்கிறார். நாற்பது வருஷம் அந்த மனிதனின் அழுக்குத் துணியை மோந்து பார்த்தவர். சொந்தப் பெண்ணின் கல்யாணத் தேதியைக் கேட்டால் யோசிப்பார், மிரோஷுக்குப் பல் பிடுங்கிய தேதியைக் கேட்டால் டக்கென்று சொல்வார். அத்தனை வருஷமும் யாருக்குக் குற்றேவல் செய்தோம்? ஒரு திருட்டுக் கிழவனுக்கு. சாக்லேட் டப்பாவுக்கு. தூ. அறுபத்தொன்று.

உள்பையிலிருந்த தெக்லாவின் கடிதத்தை எடுக்க மாட்டேன் என்று நினைத்துக்கொண்டே எடுத்தார். எடுத்தால் என்ன, மனப்பாடம்தான். எமிலியாவின் அக்கா ரதோமில் வாழ்ந்து செத்தவளாம். அந்தக் குடும்பத்தில் யாரோ வீட்டை இடிக்கும்போது கிடைத்த காகிதக் கட்டைக் கொண்டுவந்து, பழைய டீச்சராயிற்றே என்று தெக்லாவிடம் கொடுத்தார்களாம். அதிலிருந்த ஒரு கடிதத்தின் நகலை இதோடு வைத்திருந்தாள். எமிலியாவின் கை, சந்தேகமே இல்லை, ‘y’ எழுத்தின் வாலைச் சடைபோல் இழுத்துவிடும் கை. ‘ஞாயிறு, மே 10. அக்கா, பூசைக்குப் போய்வந்து பாட்டின் கடைசி இரண்டு வரியை எழுதி முடித்துவிட்டேன். நாளைத் தபாலில் வாத்தியார் ஐயாவுக்கு அனுப்புகிறேன், என்ன சொல்வாரோ தெரியவில்லை.’ அவ்வளவுதான். ஞாயிறு. 1874இல் நம் கணக்குக்கு மே 10 ஞாயிறு. ஜாரின் கணக்குக்கு மே 10 வெள்ளி. வெள்ளிக்கிழமையை ஞாயிறு என்று எவள் எழுதுவாள், அதுவும் மாதாகோயிலில் ஞாயிற்றுப் பூசை கண்டு வந்தவள்? பரானெக் நூற்றாண்டு நாள்காட்டியை செவ்வாய் இரவிலிருந்து பதினாலு தடவை பார்த்துவிட்டார். பதினாலு தடவையும் ஞாயிறு. பள்ளிக்கூடத்தில் போலிஷ் பேசினால் தண்டனை கொடுத்த ஊரில், சுவரொட்டியிலிருந்து கடையின் ரசீது வரை ஜாரின் தேதி தொங்கிய ஊரில், அந்தப் பெண் வீம்பாகத் தன் வீட்டுத் தேதியையே எழுதிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என்ன திமிர்! அந்தத் திமிர்தான் அவளைக் கவிழ்த்தது. இல்லை, அவள் எங்கே கவிழ்ந்தாள், பன்னிரண்டைக் கூட்டியது யார்? கூட்டவேண்டாதவளுக்குக் கூட்டியது யார்? எண்ணத் தெரியாதவள் டீச்சரில்லை, எண்ணத் தெரிந்ததால் கெட்டவர் இவர். அட, எழுதியவள் எந்தப் பஞ்சாங்கக்காரி என்று ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை, யாரிடமாவது கேட்டிருக்கலாமே, அவளுடைய வேறொரு காகிதத்தைத் தேடியிருக்கலாமே? தேடவில்லை. கிடைத்த விடை பிடித்திருந்தது. அதுதான் அந்த அப்பாடா. யானைக்கும் அடி சறுக்கும் என்று சமாதானம் சொல்லிக்கொள்ளலாம். யானை சறுக்கி விழுந்ததில் நசுங்கியது யார் என்பதைப் பழமொழி சொல்வதில்லை.

நகல் போலியாக இருந்தால்? இல்லை. கிழமையை மாற்றி எழுதியிருந்தால்? பூசைக்குப் போனவள் மாற்றமாட்டாள். ஒரு அடிக்குறிப்பு போட்டால்? ‘அண்மையில் கிடைத்த சான்று ஒன்று ஆசிரியரை மறுபரிசீலனைக்குத் தூண்டுகிறது.’ தூண்டுகிறதாம், மழுப்பல் வாக்கியம், மாணவன் எழுதியிருந்தால் சிவப்பு மையால் அடித்திருப்பார். ஆசிரியரே கண்டுபிடித்தார் என்று எழுதினால்? இது வந்தபோது உடம்பில் ஒரு குளிர்ச்சி பரவியது, மோசமில்லையே என்றிருந்தது. எண்பத்தொரு வயதில் தன் முடிவைத் தானே உடைத்த மேதை, எவ்வளவு நேர்மை என்று கைதட்டுவார்கள், ஒரு பரிசுகூட வரும். தெக்லா மறுக்கவும் மாட்டாள். அவளுக்கு எண்பத்து நாலு, கண் போய்க்கொண்டிருக்கிறது, எழுதியிருக்கிறாள். கடிதம் பூராவும் தேடிவிட்டார் பரானெக், ஒரு குத்தல், ஒரு முட்டை, முப்பத்தேழு வருஷத்துக் கோபத்தின் ஒரு துளியாவது எங்கேயாவது இருக்கும் என்று. இல்லை. ‘தாங்கள்தான் சரிபார்த்துச் சொல்ல வேண்டும். நான் தப்பாகக் கூட்டியிருக்கலாம்.’ இதுதான் அவள் எழுதியது. கிண்டலா என்று விளக்கடியில் பிடித்துப் பார்த்தார். கிண்டலில்லை. நிஜமாகவே கேட்டிருக்கிறாள். தன்னை அத்தனை பேர் முன்னால் சந்தி சிரிக்க வைத்தவனிடம், உனக்குத்தான் தெரியும் என்று கொண்டுவந்து வைத்திருக்கிறாள். காறித் துப்பியிருந்தால் துடைத்துக்கொண்டு போயிருப்பார், இதை எதைக்கொண்டு துடைப்பது? அவர் வாழ்நாள் முழுக்க எல்லாரையும் கேவலமாகப் பார்த்திருக்கிறார், அதில் ஒரு சுகம் இருந்தது, உயரத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்த சுகம். இப்போது அதே கண், அதே ஏளனம், ஆள்தான் வேறு. கண்ணாடி போட்ட, கையில் சீட்டு வைத்த, ஒரு கிழட்டுப் பயல். இவனா என்னைத் திருத்தப் போகிறான் என்று எமிலியா கேட்டால் என்ன சொல்வது? எழுபத்து மூன்று.

அவர் பின்னாலேயே சீட்டு எடுத்துவிட்டு வெளியே போயிருந்த ஒரு அம்மாள் பக்கத்து நாற்காலியில் வந்து பொத்தென்று உட்கார்ந்தாள். ஐம்பது ஐம்பத்தைந்து இருக்கும், மடியில் கயிறு கட்டிய ஒரு பெட்டி, சுற்றிலும் பூண்டு வாசனை. கேட்காமலே பேசினாள். “நார்வேல இருக்கான் என் பையன். அங்க நல்ல சாசேஜ் கிடைக்கலயாம். கப்பல்ல வேலை. நீங்க யாருக்கு அனுப்பறீங்க?” பரானெக் கவரைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். இந்த ஜனங்களுக்குச் சாசேஜ்தான் உலகம். அவள் கோபித்துக்கொள்ளவில்லை, பெட்டியின் கயிற்றை இழுத்துப் பார்த்துக்கொண்டாள். எழுபத்து நாலு எழுந்து போனார். எழுபத்தைந்து ஆளே இல்லை, அலுத்துப்போய் வீட்டுக்குப் போயிருப்பார். சரி, இன்னும் இரண்டு பேர்தான். எழுந்து போகவேண்டும், கவரை நீட்டவேண்டும், ரசீது வாங்கவேண்டும், வெளியே வந்து ஒரு காப்பி குடிக்கவேண்டும், ரதோமுக்கு இரண்டு வரி எழுதவேண்டும், ‘கிடைத்தது, நன்றி, சான்று போதாது’. சான்று போதாது. இந்த வார்த்தையைப் பரானெக் எத்தனை ஆராய்ச்சி மாணவர்களின் முகத்தில் எறிந்திருக்கிறார், கை பழகின வார்த்தை, வலிக்காமல் எழுதிவிடலாம். எழுதிவிடலாம், எழுதிவிடலாம் என்று மனசு சொல்லச் சொல்ல விரல்கள் கவரின்மேல் தாளம் போட்டன, தாளத்தோடு மூக்கு வழியாக ஏதோ ஒன்று கிளம்பியது. இரண்டு மூன்று சுற்று வந்த பிறகுதான் அவர் காதிலேயே விழுந்தது. இடது கை மெல்ல இறங்கும் இடம், இரேனா மூச்சைப் பிடித்துக்கொண்டு வாசிக்கும் இடம்.

“நல்லாருக்கே,” என்றாள் சாசேஜ் அம்மாள். “நிறுத்திட்டீங்களே. யார் பண்ணின பாட்டு ஐயா அது?”

நாற்பத்தொரு வருஷமாக இந்தக் கேள்விக்கு வாய் தானாகவே பதில் சொல்லும். வகுப்பில், வானொலியில், சிலைக்கு மாலை போடும் மேடையில். வாய் திறந்தது.

“எமிலியா ஸாடோரா,” என்றார் பரானெக்.

சொன்னபிறகு அவருக்கே தூக்கிவாரிப் போட்டது. யாரோ பின்னாலிருந்து சொன்னதுபோல் ஒரு கணம் திரும்பிக்கூடப் பார்த்தார். சுவரில் சிவப்பு எழுபத்தெட்டு எரிந்தது. ஜன்னலுக்குப் பின்னாலிருந்த பெண் கழுத்தை நீட்டி, “எழுபத்தெட்டு! யாருங்க எழுபத்தெட்டு?” என்றாள். “உங்களோடதுதானே? போங்க, போங்க, விட்டா மறுபடியும் முதல்லேர்ந்து,” என்று அம்மாள் அவர் முழங்கையைத் தள்ளினாள். பரானெக் எழுந்திருக்கவில்லை. கவரின் ஒட்டுப்பட்டையை நகத்தால் நெம்பினார், வரவில்லை, பல்லால் கடித்துக் கிழித்தார். பேராசிரியர் ஒருவர் தபால் நிலையத்தில் பல்லால் கவரைக் கிழிக்கிற காட்சியை இரண்டு பேர் வேடிக்கை பார்த்தார்கள். கையெழுத்துப் போட்ட தாள் நழுவித் தரையில் விழுந்தது, அதை எடுக்கவில்லை. தாள்களைப் புரட்டி ஒன்பதாம் அத்தியாயத்தைக் கண்டுபிடித்து, முழங்கால்மேல் வைத்து, பேனாவால் தலைப்பின்மேல் ஒரு கோடு போட்டார். அழுத்திப் போட்டதில் தாள் கிழிந்தது. ஓரத்தில் ‘தெக்லா கோபிட் கண்டறிந்தபடி’ என்று எழுதத் தொடங்கினார். ‘கண்டறிந்தபடி’ கோணிக்கொண்டு போயிற்று, அடித்துவிட்டு மறுபடியும் எழுதினார். எழுபத்தொன்பது எரிந்தது. அது அந்த அம்மாளுடையது. அவள் பெட்டியை இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு, ஜன்னலுக்குப் போகிற போக்கில் நின்றாள்.

“எமிலியா என்னவோ சொன்னீங்களே, கேள்விப்பட்ட பேரா இல்லையே ஐயா.”

“கேள்விப்பட்டிருக்க மாட்டீங்கம்மா,” என்றார் பரானெக், தலையைத் தூக்காமல். “யாரும் கேள்விப்படாம நான்தான் பார்த்துக்கிட்டேன்.”